கால் படாத மண்

கொல்லைக் கதவின் சட்டத்தில், தரையிலிருந்து ஒரு சாண் உயரத்தில், மஞ்சளாக ஏதோ இழுகியிருந்தது. மரியபுஷ்பம் கூட்டுவதை நிறுத்திவிட்டுக் குனிந்து பார்த்தாள். மஞ்சள்தூள் என்று நினைக்கவும் வழியில்லை. அவள் கணவர் சிங்கராயருக்குப் பத்தியம் தொடங்கிய நாளிலிருந்து அந்த வீட்டு அடுப்படியில் மஞ்சள்தூள் கிடையாது, எண்ணெய் கிடையாது, உப்புகூடப் பெயருக்குத்தான். விரலால் தொட்டாள். ஈரமாக, பிசுபிசுவென்று ஒட்டிக்கொண்டது. மோந்து பார்த்தால் சுண்ணாம்பு வாடை, அதற்கு அடியில் மழையில் நாள்கணக்காக ஊறிய களிமண்ணின் வாடை.

முந்தானையை நனைத்து அழுத்தித் துடைத்தாள். போய்விட்டது. போனதும் மனசு லேசானது. மஞ்சள் என்ற நிறமே அந்த வருஷம் அவளுக்கு ஆகவில்லை.

ஆவணி பிறந்தபோதுதான் சிங்கராயரின் கண் மஞ்சளித்தது. பிறகு உள்ளங்கை, நகக்கண், வேட்டி, தலையணை உறை, அவர் படுத்து எழுந்த பாய் என்று எல்லாவற்றிலும் அந்த நிறம் ஏறியது. நாலு மா நிலத்துக்கும் தனி ஆளாக வரப்பு வெட்டிய மனிதர், ஒரு டம்ளர் மோரைத் தூக்கக்கூட முடியாமல் போனார். தஞ்சாவூருக்குக் கொண்டுபோய்க் காட்டினார்கள். ஈரல் சுருங்கிவிட்டது என்றார் டாக்டர். நல்ல மனிதர்தான், ஆனால் அவள் முகத்தைப் பார்த்துச் சொல்லவில்லை. "வீட்டுக்குக் கூட்டிட்டுப் போங்கம்மா. பிடிச்சதைச் செஞ்சு கொடுங்க" என்றார். டாக்டர் வாயிலிருந்து அப்படி வந்தால் என்ன அர்த்தம் என்று இந்த நாட்டில் யாருக்குத்தான் தெரியாது?

வேளாங்கண்ணிக்குப் போய் மணலில் முழங்காலால் நடந்தாள். முட்டி தேய்ந்ததே தவிர மஞ்சள் குறையவில்லை. அவளுக்குத் தனியாக இருக்கப் பயம். அதைச் சொல்லிக்கொள்ள அவள் வெட்கப்பட்டதும் இல்லை. கல்யாணமான நாளிலிருந்து அந்த மனிதரின் கனைப்பும் இருமலும் கேட்காமல் அவள் தூங்கியது கிடையாது. ஒரே மகள் ஃபெபி திருச்சியில் லேப்பில் வேலை பார்க்கிறாள், அவளுக்கென்று குடும்பம் இருக்கிறது. இவரும் போய்விட்டால் அந்த வீட்டில் மிச்சம் என்ன சத்தம் இருக்கும்? அதனால்தான் பங்குச் சாமியாருக்குத் தெரியாமல், ஆற்றுக்கு அந்தக் கரையிலிருந்து தர்மாம்பாளைக் கூட்டி வந்தாள்.

தர்மாம்பாள் காமாலை கழுவுகிறவள். நாற்பது வயசு இருக்கும். நூறு நாள் வேலையை முடித்துவிட்டு அப்படியே வந்தவள், செல்போனை இடுப்பில் செருகிக்கொண்டு நேராக வேலையில் இறங்கினாள். பித்தளைத் தாம்பாளத்தில் தெளிந்த சுண்ணாம்புத் தண்ணீர். சிங்கராயரின் கையில் மாம்பட்டை இடித்த சாற்றைப் பூசி, முழங்கையிலிருந்து விரல் நுனிவரை, பால் கறக்கிற மாதிரி வழித்து வழித்து விட்டாள். உதடு மட்டும் என்னவோ முணுமுணுத்தது. விரல் நுனியிலிருந்து விழுந்த சொட்டு ஒவ்வொன்றும் தண்ணீருக்குள் மஞ்சளாக விரிந்தது. கடைசியில் தாம்பாளம் முழுக்க ஒரே மஞ்சள்.

"மாம்பட்டையும் சுண்ணாம்பும் சேர்ந்தா மஞ்சளாத்தாம்மா ஆகும். அது கெமிஸ்ட்ரி" என்று ஃபெபி பிற்பாடு போனில் சொன்னாள். இருக்கட்டும். அந்தக் கெமிஸ்ட்ரி தாம்பாளத்தோடு நின்றிருக்க வேண்டியதுதானே? சிங்கராயரின் கண்ணுக்குள் போய் வெளுக்க அதற்கு என்ன வேலை?

கழுவி முடித்ததும் தர்மாம்பாள் தாம்பாளத்தை ஒரு குடத்தில் கவிழ்த்து, அதை மரியபுஷ்பத்தின் கையில் கொடுத்தாள். "இது சாவாதுக்கா. எடம் மாத்தத்தான் நம்மளால முடியும். ஓடுற தண்ணியில ஊத்தாதீங்க, வயல்ல ஊத்தாதீங்க, ஆடு மாடு வாய் வைக்கிற எடத்துல ஊத்தாதீங்க. கால் படாத காஞ்ச மண்ணாப் பாத்து ஊத்துங்க. ஒரு ஒடம்பு கெடைச்சா ஏறிக்கும்" என்றாள்.

ஐப்பசி மாசம், அதுவும் கடைமடையில், காய்ந்த மண்ணுக்கு எங்கே போவது? மேட்டூர்த் தண்ணீர் வரவில்லை என்று சாலையில் உட்கார்ந்து மறியல் செய்கிற ஊரில், அன்றைக்கு ஒரு கைப்பிடி காய்ந்த மண்ணுக்காகக் குடத்தை இடுப்பில் வைத்துக்கொண்டு அலைந்தாள். வயல் முழுக்கத் தண்ணீர். வாய்க்கால் ததும்பிக்கொண்டிருந்தது. தெருவிலும் கணுக்கால் அளவு நின்றது. கடைசியில் மேடான இடம் என்று அவள் கண்ணில் பட்டது கல்லறைத் தோட்டம் ஒன்றுதான். அங்கேயும் சிலுவை நட்ட பக்கம் அவள் போகவில்லை, ஆட்கள் வந்து போவார்கள். சுவர் ஓரமாக, உதிய மரத்தடியில், கல்லும் இல்லாமல் சிலுவையும் இல்லாமல் ஒரு மூலை. கிளையும் தழையும் கூரையாகக் கவிந்து, மண் பொருக்குத் தட்டிக் கிடந்தது. அங்கே ஊற்றினாள். மண் அதை உறிஞ்சவில்லை, குடித்தது. மடக் மடக்கென்று சத்தம் கேட்டது. அவள் திரும்பிப் பார்க்காமல் வந்துவிட்டாள்.

அந்த வாரமே சிங்கராயர் எழுந்து உட்கார்ந்தார். உப்புப் போட்டுக் கஞ்சி கேட்டார். போடாததற்குக் கோபித்துக்கொண்டார். அவர் கோபித்துக்கொண்டதைக் கேட்டு அவள் அடுப்படியில் நின்று அழுதாள். அவ்வளவு சந்தோஷம்.

அப்புறம்தான் கதவுச் சட்டத்தில் அந்த மஞ்சள்.

துடைத்த மறுநாள் அது வீட்டுக்குள் இருந்தது. அடுப்படிச் சுவரில், அதே ஒரு சாண் உயரத்தில். அதற்கடுத்து நடையில். பிறகு கட்டில் போட்டிருந்த அறையின் நிலைப்படியில். ஒவ்வொரு தடவையும் சுண்ணாம்பும் களிமண்ணும் கலந்த அதே வாடை, ஒவ்வொரு தடவையும் அதே ஈரம். கட்டிலை நோக்கித்தான் வருகிறது, அவரைத் தேடித்தான் வருகிறது என்று பயந்து, ஓர் ஓலைச் சிலுவையை எடுத்துக் கட்டில் காலில் கட்டினாள். அது கட்டிலைத் தொடவே இல்லை. கட்டிலுக்குக் கீழே அவள் படுக்கிற பாய்க்குப் பக்கத்தில், அவள் தலை வைக்கிற இடத்துக்கு நேராக, சுவரில் இழுகியிருந்தது. சின்னச் சின்னதாக, ஒன்றின் மேல் ஒன்றாக, எதையோ பிடித்து எழுந்திருக்கப் பார்த்து வழுக்கினதுபோல.

மத்தியான நேரங்களில் சத்தமும் கேட்கத் தொடங்கியது. மழை ஓட்டின் மேல் விழுகிற இரைச்சல், வாய்க்கால் மதகில் தண்ணீர் புரளுகிற இரைச்சல், பக்கத்து வீட்டு டிவி, இத்தனைக்கும் நடுவில் நூல் பிடித்த மாதிரி ஒரு மெல்லிய ஓலம் கொல்லைப் பக்கமிருந்து வந்து, மூச்சு வாங்கி நின்று, மறுபடியும் வந்தது.

"என்னங்க, உங்களுக்குக் கேக்குதா?"

சிங்கராயர் காதைத் தீட்டிக் கேட்டார். "தவளையைப் பாம்பு புடிச்சிருக்கும். மழைக்காலந்தான, விடு" என்றார்.

அவளும் அப்படித்தான் என்று வைத்துக்கொண்டாள். ஆனால் பாம்பு பிடித்த தவளை எத்தனை நாள் கத்தும்?

நவம்பர் பிறந்து கல்லறைத் திருநாள் வந்தது. சாயங்காலக் கல்லறை மந்திரிப்புக்கு ஊரே குடையோடு கிளம்பியபோது, நானும் வருவேன் என்று சிங்கராயர் சட்டையை மாட்டிக்கொண்டு நின்றார். வேண்டாம் என்று கெஞ்சிப் பார்த்தாள். "செத்துப் பொழைச்சவன் அங்க போயி ஒரு கும்பிடு போட வேணாமா?" என்று சிரித்தார். அவருடைய அப்பா அம்மா கல்லறையில் மெழுகுவத்தி ஏற்றி, சாமியார் தீர்த்தம் தெளித்து, செபம் முடிந்து கூட்டம் கலைந்தது. அவர் கையில் இன்னும் ஒரு மெழுகுவத்தி மீதம் இருந்தது. அதை எடுத்துக்கொண்டு, சேற்றில் காலை ஊன்றி ஊன்றி, சுவர் ஓரமாக உதிய மரத்தைப் பார்த்து நடந்தார்.

மரியபுஷ்பம் பின்னாலேயே விரைந்தாள். "அங்க எதுக்குப் போறீங்க? அங்க நம்ம ஆளுங்க யாரும் இல்லியே."

"இருக்கான்" என்றார் சிங்கராயர்.

"யாரு?"

"நம்ம மொதப் புள்ள."

ஃபெபிக்கு முன்னால் ஒரு பிள்ளை பிறந்தது அவளுக்குத் தெரியும். அவள்தானே பெற்றாள். ஆனால் அவள் அதைப் பார்த்ததில்லை. ஜன்னி கண்டு நினைவில்லாமல் கிடந்து, கண் விழித்தபோது எல்லாம் முடிந்திருந்தது. ஞானஸ்நானம் கொடுக்குமுன் போன குழந்தையைச் சிலுவை நடாமல் புதைப்பதும், புதைத்த இடத்தைப் பெற்றவளுக்குச் சொல்லாமல் விடுவதும் அந்தக் காலத்தில் அந்த ஊரில் வழக்கம். சொன்னால் அங்கேயே போய் விழுந்து கிடப்பாள், அடுத்த பிள்ளை தங்காது என்பார்கள். அவளும் கேட்டுக் கேட்டு, அழுது, ஃபெபி பிறந்ததும் கேட்பதை விட்டுவிட்டாள்.

"சொல்லக் கூடாதுன்னு எங்கிட்ட சத்தியம் வாங்கிட்டாங்க" என்றார் அவர். குனிந்து மெழுகுவத்தியை மண்ணில் ஊன்றினார். "நான் போயிருந்தா இந்த எடம் யாருக்குமே தெரியாமப் போயிருக்கும் புஷ்பம். படுத்துக் கெடக்கயில அது ஒண்ணுதான் உறுத்திக்கிட்டு இருந்துச்சு. ஆம்பளப் புள்ள. ஒரு நாழி அழுதான். அப்புறம் அழல."

அவர் ஊன்றிய இடம் அவள் குடத்தைக் கவிழ்த்த இடம். மண் அங்கே மட்டும் மஞ்சளாக நைந்து கிடந்தது. அவருக்கு அது இருட்டில் தெரியவில்லை. அவளுக்குத் தெரிந்தது. தன் கையால்தான், ஒரு சொட்டு மிச்சம் வைக்காமல், பெற்ற பிள்ளையின் வாயில் ஊற்றிவிட்டு வந்திருக்கிறாள்.

அப்போது புரிந்தது அவளுக்கு. அது தவளை இல்லை. பிறந்து கொஞ்ச நேரமே ஆன குழந்தை பசியில் அழுகிற அழுகை அது.

மறுநாள் பகல் முழுக்க மழை விடவில்லை. கொல்லைப் பக்கமிருந்து வந்த அழுகையும் விடவில்லை. அவள் அடுப்படி மூலையில் போய் நின்றுகொண்டு தர்மாம்பாளுக்குப் போன் போட்டாள். மூன்றாந்தரம்தான் எடுத்தாள். நடந்ததையெல்லாம் தட்டுத்தடுமாறிச் சொல்லி முடித்தாள்.

"ஒடம்பு இருந்த எடத்துல ஊத்திட்டீங்களேக்கா" என்றாள் தர்மாம்பாள்.

"அது மண்ணாப் போயிருக்கும்மா. எத்தனை வருஷம் ஆச்சு!"

"சீக்குக்கு அது தெரியாது. சீக்கு இருக்கணும்னா உசுரு இருக்கணும். உசுரு இல்லாத ஒடம்புல அது தங்காது. அதனால புள்ளைக்கு உசுரு குடுத்துருச்சு. பசிக்கும்க்கா அதுக்கு. தாகம் எடுக்கும். வீட்டைத் தேடிக்கிட்டு வரும்."

"நான் என்ன பண்ணட்டும், சொல்லும்மா."

"அந்த மண்ணுல ஒரு பிடி அள்ளிக் கரைச்சு, அண்ணன் கையைக் கழுவணும். எங்கேர்ந்து வந்துச்சோ அங்கயே திரும்பிரும். புள்ள அடங்கிரும்."

"அப்ப அவரு?"

"அண்ணனுக்குத் திரும்ப ஏறிக்கும்க்கா."

"என் கையைக் கழுவிக்கிட்டா?" என்று மரியபுஷ்பம் கேட்டாள். "எனக்கு ஏறிக்குமா?"

"நீங்க பெத்தவங்கதானே. ஏறிக்கும்" என்றாள் தர்மாம்பாள். "ஆனா வெரசா செய்யுங்கக்கா. அண்ணன் மட்டும் அதைத் தொட்டுரக் கூடாது. தொட்டுட்டாருன்னா அவருக்கும் ஏறிரும், அப்புறம் கழுவ வேண்டியதே இல்ல."

அவள் யோசிக்கவில்லை. யோசிக்க என்ன இருக்கிறது? அவர் இருக்கட்டும், பிள்ளை தூங்கட்டும், தான் போனால் போகிறோம். ஒரு பிளாஸ்டிக் பையை எடுத்து இடுப்பில் செருகிக்கொண்டாள். கொல்லைக் கதவைத் தாழ் போட்டு, குறுக்குக் கட்டையையும் மாட்டினாள்.

"கடைவரைக்கும் போய்ட்டு வந்துர்றேன். யாரு கூப்புட்டாலும் கதவைத் தொறக்காதீங்க. எது கத்துனாலும் தொறக்காதீங்க."

"இந்த மழையில யாருடி வரப் போறா?" என்றார் சிங்கராயர், கட்டிலில் சாய்ந்தபடி. நல்ல தெளிவான, வெள்ளையான கண்கள். அவள் அவற்றை ஒரு நிமிஷம் நின்று பார்த்துவிட்டுப் போனாள்.

மழையில் வெளிச்சம் சீக்கிரமே மங்கிவிட்டது. வாய்க்கால் கரை எது, பாதை எது என்று தெரியாமல், புடவையை முழங்காலுக்கு வழித்துக்கொண்டு, வழுக்கியும் எழுந்தும் போனாள். கல்லறைத் தோட்டத்தில் நேற்று ஏற்றிய மெழுகுவத்திகள் எல்லாம் கரைந்து, செவ்வந்தி மாலைகள் தண்ணீரில் மிதந்து அழுகல் வாடை அடித்தன. உதிய மரத்தடி மட்டும் இன்னும் மேடாகத்தான் நின்றது. உட்கார்ந்து மண்ணைத் துழாவினாள்.

கை உள்ளே போயிற்று.

மண்ணில் ஒரு ஓட்டை. நண்டு வளை இல்லை. நண்டு வளையைவிடப் பெரியது, அவள் முழங்கைவரை உள்ளே இறங்கியது. உள்ளே ஒன்றும் இல்லை. ஈரமும் இளஞ்சூடும்தான். வளையின் வாயில் மண் வெளிப்பக்கமாகத் தள்ளப்பட்டிருந்தது. உள்ளேயிருந்து.

ஒரு பிடி அள்ளிப் பையில் போட்டாள். எழுந்தாள். அப்போதுதான் பார்த்தாள். புல்லின் மேல் மஞ்சள். கேட்டின் அடிக்கம்பியில் மஞ்சள். பாதையில், அவள் வழுக்கி விழுந்த இடத்திலேயே, அவள் கால் தடத்தின் மேலேயே மஞ்சள். அவள் இங்கே வந்துகொண்டிருந்தபோது, அது அங்கே போய்க்கொண்டிருந்திருக்கிறது.

ஓடினாள். மாதாவே. மாதாவே என்பதைத் தவிர வேறு செபம் வரவில்லை. வாய்க்கால் பாலம். மாட்டுக் கொட்டில். பக்கத்து வீட்டு டிவி இல்லை. கரண்ட் போயிருந்தது. தெருவே இருட்டு. மழையைத் தவிர ஒரு சத்தம் இல்லை.

அழுகை இல்லை.

அது நின்றிருந்ததுதான் அவளை உலுக்கியது.

கொல்லை வழியாக வந்தாள். கதவு திறந்திருந்தது. குறுக்குக் கட்டை கழற்றப்பட்டு, சுவரில் ஒழுங்காகச் சாய்ந்திருந்தது. படியில் தண்ணீர். உள்ளே சிம்னி விளக்கின் வெளிச்சம்.

"என்னங்க?"

"வந்துட்டியா? இங்க வந்து பாரு புஷ்பம்." அவர் குரல் சந்தோஷமாக இருந்தது. "நீ அந்தாண்ட போனதும் கதவுகிட்ட வந்து கத்த ஆரம்பிச்சிருச்சு. மனசு கேக்கல. பூனைக்குட்டி. மழையில வெறைச்சுப் போயிக் கெடந்துச்சு, பாவம்."

கட்டிலில் சம்மணம் போட்டு உட்கார்ந்திருந்தார். மடியில் துண்டைச் சுருட்டி எதையோ வைத்திருந்தார். ஒரு கையால் அதைத் தட்டிக்கொண்டிருந்தார். மெல்ல. தாளமாக.

அந்தக் கை முழங்கைவரை மஞ்சள்.

அவள் விளக்கை எடுத்தாள். உயர்த்தினாள். அவர் நிமிர்ந்து அவளைப் பார்த்துச் சிரித்தார். கண்ணில் வெள்ளை ஒரு துளிகூட இல்லை.

"மோர் வச்சுப் பாத்தேன். குடிக்க மாட்டேங்குது" என்றார். "பாலுக்கு ஏங்குது போல."

துண்டு அசைந்தது. மடிப்பிலிருந்து ஒரு கை வெளியே வந்தது. கட்டைவிரல் அளவுக்கு ஒரு கை. விரல் இருந்தது. ஐந்தும் இருந்தது. நகமெல்லாம் மண். அது காற்றில் துழாவி, சிங்கராயரின் சுண்டுவிரலைப் பிடித்துக்கொண்டது. அவர் பார்க்கவில்லை. அவர் அவளையே பார்த்துக்கொண்டிருந்தார்.

மரியபுஷ்பத்தின் கையிலிருந்து மண் பை நழுவித் தரையில் விழுந்தது. நனைந்து ஒட்டியிருந்த ரவிக்கை நெஞ்சுப் பக்கம் திடீரென்று சூடாயிற்று. மழைத்தண்ணீர் சூடாக இருக்காது. குனிந்து பார்த்தாள். இரண்டு பக்கமும் மஞ்சளாக, கெட்டியாக, சீம்பால் நனைத்து வழிந்துகொண்டிருந்தது.

"இந்தா, நீ வாங்கிக்க" என்று சிங்கராயர் துண்டோடு நீட்டினார்.

வாங்கக் கூடாது என்று அவளுக்குத் தெரியும். அவள் கைகளுக்குத் தெரியவில்லை. வாங்கி மடியில் போட்டுக்கொண்டு, அவர் காலடியில், தரையில் உட்கார்ந்தாள். எடையே இல்லை. ஜில்லென்று இருந்தது. அது முகத்தைத் திருப்பி, முட்டி, தேடி, கண்டுபிடித்துக் கவ்வியது. வாய் நிறைய மண்.